டிஷான்: ஒரு கறுப்பின அமெரிக்கப் பெயரின் பொருளும் பிறப்பும் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

கூடைப்பந்து வர்ணனையிலும் அமெரிக்கச் செய்திகளிலும் டிஷான், டிஆன்ட்ரே, மார்ஷான், ஜேலன் முதலிய பெயர்களைத் தமிழ் வாசகர்கள் அடிக்கடி காண்கிறார்கள். இவை எந்த மொழிப் பெயர்கள், என்ன பொருள் தருகின்றன, ஏன் கறுப்பின மக்களிடையே மட்டும் இவ்வளவு வழங்குகின்றன என்ற கேள்விகளுக்கு, டிஷான் என்ற ஒரே பெயரை எடுத்துக்கொண்டு கீழே விடை தரப்பட்டிருக்கிறது. பொருளியலறிஞர் ஸ்டீவன் லெவிட் இணைந்து எழுதி 2005இல் வெளிவந்த நூலொன்றில், கறுப்பினத்தாருக்கே உரியவை என்று சொல்லத்தக்க ஆண் பெயர்களின் பட்டியலில் முதலிடம் பெற்ற பெயர் இது. ஆகவே இந்த மரபை விளக்க இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைப்பது அரிது.

டிஷான் என்ற பெயருக்கு என்ன பொருள்?

பெயரைப் பிரித்தால் ‘டி’ என்ற முன்னொட்டும் ‘ஷான்’ என்ற முழுப் பெயரும் கிடைக்கும். அகராதிப் பொருள் பின்பகுதியில்தான் இருக்கிறது. ஷான் ஐரிஷ் மொழிப் பெயர். 12ஆம் நூற்றாண்டில் அயர்லாந்துக்குள் படையோடு வந்த, பிரெஞ்சு பேசிய நார்மானியர்கள் ஜெஹான் என்ற பெயரைத் தங்களோடு கொண்டுவந்தார்கள். ஐரிஷ் மக்கள் அதைத் தங்கள் நாவுக்கேற்ப ஷான் என்று ஆக்கிக்கொண்டார்கள். ஜெஹான் என்பது லத்தீனின் யோஹான்னஸ் என்பதிலிருந்தும், அது கிரேக்கத்தின் வழியாக எபிரேயத்தின் யோஹனான் என்பதிலிருந்தும் வந்தவை. எபிரேயத்தில் அதன் பொருள் ‘யாவே (இறைவன்) அருள் கூர்ந்தார்’ என்பதாகும். ஆங்கிலத்தின் ஜான், ஸ்பானியத்தின் ஹுவான், ரஷ்யத்தின் இவான் ஆகிய மூன்றும் இதே வேரில் கிளைத்தவை.

இந்த வேர் தமிழுக்கும் அந்நியமானதன்று. விவிலியத் தமிழில் யோவான் என்று வழங்கும் இப்பெயரைக் கத்தோலிக்கர்கள் ஒலியால் பெயர்க்காமல் பொருளால் பெயர்த்து அருளப்பர் என்று நெடுங்காலம் எழுதினார்கள். 1693இல் ஓரியூரில் கொல்லப்பட்ட போர்த்துகீசியத் துறவி ஜான் தெ பிரிட்டோ, தமிழ் மக்களுக்கு அருளானந்தர் ஆனார். இராமநாதபுரத்து அருளப்பனும் டெட்ராய்ட் நகரத்து டிஷானும் ஒரே எபிரேயப் பெயரைத்தான் வெவ்வேறு உருவில் சுமக்கிறார்கள்.

முன்னால் நிற்கும் ‘டி’ எங்கிருந்து வந்தது?

இதற்கு ஒற்றை விடை சொல்கிறவர்களை அப்படியே நம்ப வேண்டியதில்லை. பல ஊற்றுகள் இங்கே கலந்திருக்கின்றன. 1803இல் பிரான்ஸிடமிருந்து அமெரிக்கா விலைக்கு வாங்கிய லூசியானாவில் பிரெஞ்சு பேசிய கறுப்பினக் குடும்பங்களும் கலப்பினக் குடும்பங்களும் ஏராளமாக இருந்தன. ‘உடைய’ என்று பொருள்படும் பிரெஞ்சு ‘டெ’ அங்கே குடும்பப் பெயர்களின் முன்னால் வழக்கமாக நின்றது. ஆன்ட்ரே, ஆன்டுவான் போன்ற முதற்பெயர்களும் அங்கே சாதாரணமாக வழங்கின. 1910களிலிருந்து 1970 வரை ஏறத்தாழ அறுபது இலட்சம் கறுப்பின மக்கள் தென் மாநிலங்களைவிட்டு வடக்கும் மேற்கும் நோக்கிப் பெயர்ந்தபோது, இந்தப் பிரெஞ்சுச் சாயலும் அவர்களோடு சிகாகோ, லாஸ் ஏஞ்சலஸ், ஓக்லண்ட் போன்ற நகரங்களுக்குச் சென்றது. இவை தவிர, இத்தாலியரின் டிஏஞ்சலோ என்ற பெயரும், நியூயார்க் ஆளுநராக இருந்த டிவிட் கிளின்டன் போன்றோர் தாங்கிய டச்சு வழிப் பெயர்களும் அமெரிக்கக் காதுகளுக்கு ஏற்கெனவே பழகியிருந்தன.

எனினும் டிஷானில் வரும் ‘டி’க்குப் பிரெஞ்சு இலக்கணப்படி ‘ஷானுடைய’ என்று பொருள் சொல்வது பொருந்தாது. தந்தையின் பெயர் ஷான் என்று இருக்கும் வீட்டில் அந்தப் பொருளும் சேர்ந்துகொள்ளலாம். மற்றபடி முன்னொட்டின் பணி வேறு. ஊரில் பலர் வைத்திருக்கும் ஒரு பெயரை எடுத்து, அதன் உருவத்தையும் ஓசையையும் சற்றே மாற்றி, இந்தக் குழந்தைக்கென்று ஆக்கித் தருவதே அதன் பணி. ஓசை மாற்றத்தை இங்கே குறிப்பாகக் கவனிக்க வேண்டும். ஆங்கிலத்தில் ஈரசை ஆண் பெயர்கள் பெரும்பாலும் முதல் அசையில் அழுத்தம் பெறும். டேவிட், ராபர்ட், வில்லியம் ஆகியவற்றைச் சொல்லிப் பார்த்தால் இது விளங்கும். டிஷான், ஜமால், லமார், டைரெல் ஆகியவற்றில் அழுத்தம் இரண்டாம் அசையில் விழுகிறது. வாசலில் நின்று உரக்கக் கூப்பிடும்போது பெயரின் இறுதி ஓங்கி ஒலிக்கும். இந்தப் பெயர்களின் அழகு பாதிக்குமேல் இந்த ஓசையில்தான் இருக்கிறது என்பது என் கருத்து.

இது ஆப்பிரிக்கப் பெயரா?

இல்லை. குழந்தைப் பெயர்த் தொகுப்புகள் சில இதை ‘ஆப்பிரிக்கப் பெயர்’ என்று வகைப்படுத்துவது தவறு. எந்த ஆப்பிரிக்க மொழியிலும் இதற்கு வேர் கிடையாது. இது அமெரிக்க மண்ணில், அமெரிக்காவில் கிடைத்த உறுப்புகளைக் கொண்டு, ஆப்பிரிக்க வழிவந்த மக்கள் ஆக்கிய பெயர்.

உண்மையான ஆப்பிரிக்கப் பெயர்களும் அமெரிக்காவில் ஒரு காலத்தில் வழங்கியிருக்கின்றன. இன்றைய கானாவின் அக்கான் மக்கள் குழந்தை பிறந்த கிழமையைக் கொண்டு பெயரிடுவார்கள். வெள்ளிக்கிழமை பிறந்த ஆண் கோஃபி, திங்கட்கிழமை பிறந்தவன் கோஜோ. இவை அடிமை முறைக் காலத்து ஆங்கிலத்தில் கஃபி, கஜோ என்று மருவின. 1759இல் பிறந்து கப்பல் உரிமையாளராகப் புகழ்பெற்ற பால் கஃபியின் குடும்பப் பெயர் அவருடைய தந்தையின் கிழமைப் பெயரே. காலப்போக்கில் இந்த வழக்கம் பெரும்பாலும் மறைந்துவிட்டது.

இத்தகைய பெயர்கள் எப்போது, ஏன் பரவின?

1960களின் பிற்பகுதியும் 1970களின் முற்பகுதியும் திருப்புமுனை. பொருளியலறிஞர்கள் ரோலண்ட் ஃப்ரையர், ஸ்டீவன் லெவிட் ஆகிய இருவரும் 1961 தொடங்கி கலிஃபோர்னியாவில் பதிவான பிறப்புகளை ஆராய்ந்து 2004இல் வெளியிட்ட கட்டுரை இதைத் தெளிவாகக் காட்டியது. 1960களின் தொடக்கத்தில் கறுப்பினக் குழந்தைகளின் பெயர்களுக்கும் வெள்ளையினக் குழந்தைகளின் பெயர்களுக்கும் இடையே இருந்த வேறுபாடு பின்னாளில் காண்பதைவிட மிகக் குறைவு. அடுத்த சில ஆண்டுகளிலேயே, அதுவும் கறுப்பின மக்கள் செறிந்து வாழ்ந்த பகுதிகளில், இடைவெளி சட்டென்று விரிந்தது. கறுப்பின மக்களின் தன்மானத்தை வலியுறுத்திய கறுப்பின ஆற்றல் (பிளாக் பவர்) இயக்கத்தின் தாக்கமே இதற்குக் காரணம் என்று அவர்கள் விளக்கினார்கள். ‘கறுப்பின ஆற்றல்’ என்ற முழக்கத்தை அந்த இயக்கத்தின் தலைவர் ஸ்டோக்லி கார்மைக்கேல் 1966 ஜூனில் மிசிசிப்பி மாநிலத்தின் கிரீன்வுட்டில் எழுப்பினார். பின்னாளில் அவரும் தம் பெயரைக் குவாமே துரே என்று மாற்றிக்கொண்டார்.

பெயர் இவ்வளவு பெரிய விஷயமானது ஏன் என்பதை அறிய இன்னும் பின்னால் போக வேண்டும். அடிமைகளுக்குப் பெயரிடும் அதிகாரம் உடைமையாளரிடம் இருந்தது. சீசர், பாம்பி, கேட்டோ என்று ரோமானியப் பெருமக்களின் பெயர்களை அவர்கள் தங்கள் அடிமைகளுக்குச் சூட்டினார்கள். உலகை ஆண்டவனின் பெயரை உரிமையேதும் இல்லாத ஒருவனுக்கு இடுவதில் ஏளனமும் இருந்தது. 1850, 1860 ஆகிய ஆண்டுகளின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அடிமைகளுக்கெனத் தனி அட்டவணை இருந்தது. அதில் உடைமையாளரின் பெயருக்குக் கீழே வயது, பால், நிறம் ஆகியவை மட்டுமே பதிவாயின. அடிமைகளின் பெயரை, மிகச் சில இடங்கள் நீங்கலாக, எவரும் எழுதவில்லை. விடுதலை பெற்ற இலட்சக்கணக்கான மக்களின் பெயர்கள் முதன்முறையாகக் கணக்கெடுப்பில் ஏறியது 1870இல்தான். தம் குலத்தின் வேர்களைத் தேடும் கறுப்பின அமெரிக்கர் பலருடைய தேடல் இந்த ஆண்டின் முன்னால் வந்து முட்டி நிற்கிறது.

ஆகவே ஒருவன் தன் பெயரைத் தானே தேர்ந்துகொள்வது இந்த மக்களின் வரலாற்றில் விடுதலையின் முதற்செயலாகத் திரும்பத் திரும்ப வருகிறது. 1838இல் அடிமைத்தளையிலிருந்து தப்பிவந்து, பின்னர் அடிமை ஒழிப்புப் பேச்சாளராகப் புகழ்பெற்ற ஃப்ரெடரிக் பெய்லி, டக்ளஸ் ஆனார். கறுப்பின உரிமைத் தலைவர் மால்கம் லிட்டில் தம் குடும்பப் பெயரை உதறிவிட்டு, பறிக்கப்பட்டுவிட்ட ஆப்பிரிக்கப் பெயரின் குறியாக எக்ஸ் என்ற எழுத்தை வைத்துக்கொண்டார். 1964இல் குத்துச்சண்டை வீரர் காசியஸ் கிளே முகமது அலியானார். 1977 ஜனவரியில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் எட்டு இரவுகள் ஒளிபரப்பான ‘ரூட்ஸ்’ தொடரில், ஆப்பிரிக்காவிலிருந்து அடிமையாகப் பிடித்துவரப்பட்ட குந்தா கின்டே என்ற இளைஞனை டோபி என்ற பெயரை ஏற்கும்வரை சவுக்கால் அடிக்கும் காட்சியை நாடே பார்த்தது.

இந்தச் சூழலில் இரு வழிகள் திறந்தன. சிலர் மாலிக், ஜமால், கரீம், குவாமே என்று அரபு மொழியிலிருந்தும் ஆப்பிரிக்க மொழிகளிலிருந்தும் பெயர்களை எடுத்துக்கொண்டார்கள். வேறு சிலர் கைக்கெட்டிய அசைகளைச் சேர்த்துப் புதிய பெயர்களை ஆக்கினார்கள். டிஷான் இந்த இரண்டாம் வழியில் வந்தது. அந்த ஆண்டுகளில் ஷான் என்பது எல்லா இனத்தாரிடையேயும் விருப்பமான பெயராக இருந்ததால், புதியதை ஆக்குவோர் கையில் அது எளிதாகக் கிடைத்தது.

அதற்கு முன்னர் கறுப்பின மக்களுக்கெனத் தனிப் பெயர்கள் இருந்ததில்லையா?

இருந்தன. பொருளியலறிஞர்கள் லிசா குக், ட்ரெவன் லோகன், ஜான் பார்மன் ஆகியோர் 2014இல் வெளியிட்ட ஆய்வு, 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கறுப்பின ஆண்களிடையே சிறப்பாக வழங்கிய பெயர்களைத் திரட்டிக் காட்டியது. புக்கர், ஆபிரகாம், மோசஸ், ஐசக், டைட்டஸ், ஃப்ரீமன், பிரின்ஸ், கிங், மாஸ்டர் ஆகியவை அவற்றுள் சில. அடிமைத்தளையிலிருந்து தம் மக்களை மீட்ட விவிலிய மோசேயும், ‘சுதந்திர மனிதன்’ என்று பொருள்படும் ஃப்ரீமனும் அந்தப் பட்டியலில் ஏன் இடம்பெற்றன என்பதற்கு விளக்கம் தேவையில்லை. எசமான் என்று பொருள்படும் ‘மாஸ்டர்’ என்ற பெயரைப் பற்றி ஒரு சொல்: யாரை அப்படி அழைக்கும்படி முன்னோர்கள் கட்டாயப்படுத்தப்பட்டார்களோ, அவர்களுடைய பட்டத்தையே பெற்ற பிள்ளைக்குப் பெயராகச் சூட்டினால், பின்னர் எவர் அவனை அழைத்தாலும் அந்தச் சொல்லால்தான் அழைத்தாக வேண்டும்.

இட்டுக்கட்டிய பெயருக்கு உண்மையான பொருள் உண்டு என்று சொல்ல முடியுமா?

இந்தக் கேள்வி பெரும்பாலும் கறுப்பினப் பெயர்களை நோக்கி மட்டுமே எழுப்பப்படுவது வருந்தத்தக்கது. இன்று உலகெங்கும் மதிப்போடு வழங்கும் வனெஸ்ஸா என்ற பெண் பெயரை 18ஆம் நூற்றாண்டில் எழுத்தாளரும் பாதிரியாருமான ஜோனதன் ஸ்விஃப்ட் ஆக்கினார். தம் தோழி எஸ்தர் வனோம்ரியின் குடும்பப் பெயரிலிருந்து முதல் அசையையும், எஸ்தரின் செல்லப்பெயரான எஸ்ஸாவையும் சேர்த்து அவர் அதை அமைத்தார். டிஷான் அமைந்த முறைக்கும் இதற்கும் என்ன வேறுபாடு? அதை ஆக்கியவர் டப்ளின் நகரத்துப் பாதிரியார், இதை ஆக்கியவர்கள் பெயர் தெரியாத பெற்றோர்கள் என்பதைத் தவிர வேறொன்றும் இல்லை. பெயர்களெல்லாம் ஏதோ ஒரு நாளில் யாரோ ஒருவரால் முதன்முறையாகச் சொல்லப்பட்டவையே. டிஷானுக்கோ ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட எபிரேயப் பொருளும் இருக்கிறது, அதைப் புதிதாக ஆக்கியவர்களின் நோக்கமும் இருக்கிறது. இரண்டையும் சேர்த்துச் சொல்வதே முழுமையான விடை.

எழுத்துக்கூட்டல் ஏன் இத்தனை விதமாக இருக்கிறது?

ஷான் என்பதையே ஆங்கிலத்தில் மூன்று விதமாக எழுதுவார்கள். ஐரிஷ் முறைப்படி எஸ்-இ-ஏ-என் என்ற நான்கு எழுத்துகளிலும், ஒலிப்புக்கேற்ப எஸ்-எச் என்று தொடங்கி ஏ-டபிள்யூ-என் அல்லது ஏ-யு-என் என்று முடித்தும் எழுதுவது வழக்கம். இம்மூன்றின் முன்னாலும் முன்னொட்டு சேர்கிறது. 2011இல் டல்லாஸ் மாவெரிக்ஸ் அணியோடு அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்தின் என்பிஏ கோப்பையை வென்ற டிஷான் ஸ்டீவன்சன் டபிள்யூ எழுத்தை வைத்து எழுதுகிறார்; 2008இல் ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் அணியில் சேர்ந்த அமெரிக்கக் கால்பந்து வீரர் டிஷான் ஜாக்சன் ஐரிஷ் முறையில் எழுதுகிறார். முன்னொட்டும் ‘ட’, ‘டெ’ என்று மாறலாம். நடுவில் அபாஸ்ட்ரஃபி குறி (’) வரலாம். இரண்டாம் பகுதியின் முதலெழுத்துப் பெரிய எழுத்தாக இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம்.

அமெரிக்கச் சமூகப் பாதுகாப்பு நிர்வாகம் ஆண்டுதோறும் வெளியிடும் பெயர்ப் பட்டியலில் இந்த நுணுக்கங்கள் பாதி மறைந்துவிடும். அது நடுவில் வரும் குறிகளை நீக்கிவிடுகிறது. ஆனால் வெவ்வேறு எழுத்துக்கூட்டல்களை வெவ்வேறு பெயர்களாக எண்ணுகிறது. ஐந்து குழந்தைகளுக்கும் குறைவாக இடப்பட்ட பெயரை வெளியிடுவதே இல்லை. ஆகவே அந்தப் பட்டியலில் ஒரு வடிவத்தை மட்டும் பார்த்து ‘இந்தப் பெயர் அரிது’ என்று முடிவு கட்டக்கூடாது.

தமிழில் எப்படி எழுதுவது, எப்படி ஒலிப்பது?

டிஷான் என்று எழுதுவதே பொருத்தம். ஐரிஷ் எழுத்துக்கூட்டலைக் கண்டு ‘டிசீன்’ என்று எழுதுவது பிழை. ஒலிக்கும்போது ‘டி’யை விரைந்து சொல்லி ‘ஷா’வில் அழுத்தம் தர வேண்டும்.

இதே அச்சில் வேறு எந்தப் பெயர்கள் உண்டு? பெண்களுக்கும் வைப்பார்களா?

டிமார்கஸ், டிஆன்ட்ரே, டிஹுவான் ஆகியவை முன்னொட்டால் உறவு. ரஷான், கிஷான், டைஷான், மார்ஷான் ஆகியவை பின்பகுதியால் உறவு. டிஷான் பெரும்பாலும் ஆண் பெயரே. பெண்களுக்கு லஷான் போல ‘ல’ முன்னொட்டோடு கூடிய வடிவங்கள் உண்டு. புதுமை நாட்டம் பெண் பெயர்களில் இன்னும் மிகுதி: மேலே சொன்ன கலிஃபோர்னியத் தரவின்படி, அந்த ஆய்வு வெளிவருவதற்கு முந்தைய காலத்தில் ஓராண்டில் பிறந்த கறுப்பினப் பெண் குழந்தைகளில் 40 சதவீதத்துக்கும் மேற்பட்டோர், அவ்வாண்டு பிறந்த வெள்ளையினப் பெண் குழந்தை எவருக்கும் இடப்படாத பெயரைப் பெற்றார்கள்.

இந்தப் பெயர் வேலை தேடும்போது தடையாகுமா?

இதைப் பற்றிய மிகப் புகழ்பெற்ற ஆய்வை நடத்திய இருவரில் ஒருவர் தமிழ்ப் பெயர் தாங்கியவர்: செந்தில் முல்லைநாதன். அவரும் மரியான் பெர்ட்ராண்டும் பாஸ்டனிலும் சிகாகோவிலும் வெளியான வேலை விளம்பரங்களுக்கு ஏறத்தாழ ஐயாயிரம் புனைவு விண்ணப்பங்களை அனுப்பினார்கள். தகுதிகள் ஒன்றுக்கொன்று இணையானவை; பெயர் மட்டும் வேறு. 2004இல் வெளியான முடிவின்படி, வெள்ளையினப் பெயர் கொண்ட விண்ணப்பம் பத்து அனுப்பினால் ஓர் அழைப்பு வந்தது. கறுப்பினப் பெயருக்கு ஏறத்தாழ பதினைந்து அனுப்ப வேண்டியிருந்தது. ஜமால், டார்னெல், டைரோன் முதலிய பெயர்களை அவர்கள் பயன்படுத்தினார்கள்; டிஷான் அந்தப் பட்டியலில் இல்லை.

அதே 2004இல் வெளிவந்த ஃப்ரையர், லெவிட் ஆய்வு, குடும்பச் சூழலையும் பிறந்த இடத்தையும் கணக்கில் கொண்டுவிட்டால், கறுப்பினப் பெயர் ஒருவரின் பிற்கால வாழ்வைத் தனியே பாதித்ததாகத் தெரியவில்லை என்றது. இவ்விரண்டும் ஒன்றையொன்று மறுப்பவை என்று பலர் எழுதுகிறார்கள், அது சரியன்று. முதல் ஆய்வு ஒரு விண்ணப்பத்தைப் புரட்டும் சில நொடிகளை அளக்கிறது. இரண்டாவது பல பத்தாண்டு வாழ்வை அளக்கிறது. வாசலில் ஒருவர் மறுக்கப்படுவதும், அவர் வேறு வாசல் வழியே முன்னேறுவதும் ஒரே வாழ்வில் நிகழக்கூடியவை.

பின்னர் பேட்ரிக் கிளைன், எவான் ரோஸ், கிறிஸ்டஃபர் வால்டர்ஸ் ஆகியோர் நாட்டின் மிகப் பெரிய நிறுவனங்களுள் 108க்கு 83,000க்கும் மேற்பட்ட விண்ணப்பங்களை அனுப்பி, 2022இல் விரிவான முடிவை வெளியிட்டார்கள். கறுப்பினப் பெயர் கொண்டவர்களைத் தொடர்புகொண்ட விகிதம் 2.1 சதவீதப் புள்ளிகள் குறைவாக இருந்தது. இழந்த தொடர்புகளில் பாதிக்கு நெருக்கமானவை ஐந்தில் ஒரு பங்கு நிறுவனங்களால் நேர்ந்தவை என்பது இந்த ஆய்வின் முக்கியமான செய்தி. அதாவது, ஒரே பெயரை ஒரு நிறுவனம் ஒதுக்குகிறது, இன்னொன்று சாதாரணமாக ஏற்கிறது. குறை பெயரில் இருந்திருந்தால் எல்லா இடத்திலும் ஒரே விளைவு வந்திருக்கும். ‘பிள்ளையின் நன்மைக்காக வேறு பெயர் வையுங்கள்’ என்று கறுப்பினப் பெற்றோருக்குச் சொல்லப்படும் அறிவுரையை நான் ஏற்காததற்கு இதுவே காரணம்.

இன்றும் இந்தப் பெயரை வைக்கிறார்களா?

வைக்கிறார்கள், ஆனால் முன்போல் இல்லை. 1970களிலிருந்து 1990கள் வரை பிறந்த தலைமுறையின் பெயராகவே டிஷான் இன்று காதில் விழுகிறது. ஷான் என்ற மூலப்பெயரின் செல்வாக்குக் குறைந்தபோது அதிலிருந்து கிளைத்தவையும் குறைந்தன. ஆக்கும் பழக்கம் மட்டும் நிற்கவில்லை. 1973இல் டெட்ராய்டில் ஒரு தாய், குழந்தையின் தந்தை பெயரான ஜேம்ஸிலிருந்தும் தாய்மாமன் பெயரான லெனார்டிலிருந்தும் எழுத்துகளை எடுத்துச் சேர்த்துத் தம் மகனுக்கு ஜேலன் என்று பெயரிட்டார். அந்த மகன் ஜேலன் ரோஸ், 1990களின் தொடக்கத்தில் மிச்சிகன் பல்கலைக்கழகக் கூடைப்பந்து அணியில் ஆடி நாடறிந்த வீரரானார். இன்று கூடைப்பந்தில் ஜேலன் பிரன்சன், ஜேலன் கிரீன், ஜேலன் வில்லியம்ஸ் என்றும், அமெரிக்கக் கால்பந்தில் ஜேலன் ஹர்ட்ஸ் என்றும் அந்தப் பெயரைத் தாங்கியவர்கள் களத்தில் இருக்கிறார்கள். அவர்கள் அனைவரும் அந்தத் தாய் பெயரிட்டு இருபது ஆண்டுகளுக்குப் பிறகு பிறந்தவர்கள்.